மைசூரு அரண்மனைச் சதுரங்கமும் இன்றைய ‘மோட்’களும்

கணினிப் போர் விளையாட்டொன்றின் நிரலை ஆடுபவரே திருத்திப் புதிய களம், ஆயுதம், விதி ஆகியவற்றைச் சேர்ப்பதை ‘மோட்’ என்பர். சில மோட்கள் பொதுவில் வெளியாகின்றன. வேறு சில, நம்பிக்கைக்குரிய சிறு குழுவுக்குள் மட்டும் கைமாறுகின்றன. இவ்வழக்கம் கணினிக்கு முந்தையது என்பதற்கு மைசூரு சான்று தருகிறது.

1799இல் திப்பு வீழ்ந்தபின் ஐந்து வயதில் அரியணை ஏறியவர் மும்மடி கிருஷ்ணராஜ உடையார். 1831இல் கிழக்கிந்தியக் கம்பெனி அவரிடமிருந்து ஆட்சிப் பொறுப்பைப் பறித்தது. மெய்யான படையை நடத்த வழியற்ற அம்மன்னர், நால்வகைப் படையின் சிற்றுருவான சதுரங்கத்தில் ஆழ்ந்தார். குதிரை 64 கட்டங்களையும் தலா ஒருமுறை மட்டும் தொடும் புதிருக்குத் தீர்வுகள் கண்டார். 120 சீட்டுகள் கொண்ட தசாவதாரக் கஞ்சிஃபா வழக்கில் இருக்க, 300க்கும் மேற்பட்ட சீட்டுகளுடைய கட்டுகளை வகுத்தார். அவர் தொகுப்பித்த ஸ்ரீதத்வநிதியின் ஒன்பதாம் பகுதியான கௌதுகநிதி, விளையாட்டுகளை விவரிக்கிறது.

ஜெர்மனியில் ஹெல்விக் என்பாரும் சதுரங்கத்தைத் திருத்தினார். 1,600க்கும் மேற்பட்ட கட்டங்களுடைய அவரது போர் விளையாட்டின் விதிகள் 1780இல் நூலாயின. அடுத்து வந்தோர் அவ்வகை ஆட்டத்தை மேலும் திருத்தினர்; 1824இல் ரைஸ்விட்ஸ் வெளியிட்ட விதிகள் பிரஷ்யப் படையின் பயிற்சியில் இடம்பெற்றன. மைசூரு ஆட்டங்களுக்கு அத்தகைய வழித்தோன்றல் வாய்க்கவில்லை. கற்பனையில் அவை குறைந்தவை அல்ல. பெரிதும் அரண்மனை வட்டத்திற்குள் புழங்கியவை.

இன்றும் நிலை இதுவே. ‘ஆர்மா 2’ விளையாட்டுக்கு 2012இல் பொதுவில் வெளியான ‘டேஇசட்’ மோட், பிறர் கைபட்டு வளர்ந்து, 2017இல் பப்ஜி பிறக்க வழிவகுத்தது. மூடிய குழுவின் மோட்டுக்கு அத்தகைய வரலாறு எழுதப்படுவதில்லை. குழு கலைந்தால் கோப்பும் மறையக்கூடும்.

எனினும், பொதுவில் வெளியிடாமையே அழிவு என்று கொள்ளலாகாது. உழைப்பு களவுபோகும் என்ற அச்சமும், தோழமையின் நம்பிக்கையும் நியாயமான காரணங்களே. மைசூரு ஆட்டங்களைப் பற்றி இன்று நாம் பேச முடிவது, அவற்றின் விவரங்கள் ஏட்டில் இடம்பெற்றதனால்தான். மைசூருவின் ராம்சன்ஸ் கலா பிரதிஷ்டானம் மரபுப் பலகை ஆட்டங்களுக்குக் கண்காட்சிகள் நடத்துவதும் இத்தகைய பதிவுகளின் பயனே.

எண்மப் பண்பாட்டை ஆய்வோர் ஆக்கியோரின் இசைவுடன் மூன்றையேனும் சேமிக்கவேண்டும்: மோட் கோப்பு, அது இயங்கும் மூல விளையாட்டின் பதிப்பு, அக்குழு ஆடிய முறை பற்றிய எழுத்துக் குறிப்பு. மூன்றாவது இல்லையேல் எஞ்சுவது, ஆட்டம் மறந்துபோன வெறும் பலகையே.