பாம்பெனப் பெயர் பெற்றவன்

ஜப்பானிய மௌனப்படம் என்றதும் இயக்குநர்கள் மிசோகுச்சியும் ஓசுவும் நினைவுக்கு வருவார்கள். திரைப்பட அன்பர்களுக்கு அவர்களை அறிமுகம் செய்ய வேண்டியதில்லை. ஆனால், வீண்பழி சுமந்த ஒருவனின் கதையாக 1925 நவம்பரில் வெளிவந்த 'ஒரோச்சி' தனியே போற்றத்தக்கது. இயக்கியவர் புந்தாரோ ஃபுதாகவா. நாயகன் பாண்டோ சுமசபுரோ.

ஒரோச்சி என்றால் பெரும்பாம்பு. கி.பி. 712இல் தொகுக்கப்பட்ட 'கொஜிகி' என்னும் தொன்மநூலில் எட்டுத் தலையும் எட்டு வாலும் கொண்ட யமதா நோ ஒரோச்சி வருகிறது. ஆண்டுக்கொரு மகளாக அது விழுங்கிவர, ஒரு முதியவருக்கு எஞ்சியவள் கடைசி மகள் மட்டுமே. அவளைக் காத்தவன் சுசானோ என்னும் தேவன். எட்டுத் தொட்டிகளில் மதுவை வைத்து, பாம்பு குடித்து மயங்கியதும் வெட்டி வீழ்த்தினான். அதன் வாலிலிருந்து கிடைத்த வாள் இன்றும் ஜப்பானியப் பேரரசரின் மூன்று புனிதச் சின்னங்களுள் ஒன்றாக மதிக்கப்படுகிறது. அந்தச் சுசானோவோ வானுலகிலிருந்து துரத்தப்பட்டவன்! துரத்தப்பட்டவனே ஒரு குடும்பத்தின் மகளைக் காக்கிறான் என்ற இந்தப் பழங்கதையை மனத்தில் வைத்துப் படத்தைப் பார்த்தால் அதன் பெயர் இன்னும் ஆழமாகப் புலப்படும். படத்துக்கு முதலில் 'போக்கிரி' என்ற பொருளில்தான் பெயர் வைத்திருந்தார்கள். தணிக்கையால் அது மாறியது.

நாயகன் ஹெய்சபுரோ ஓர் ஆசானிடம் பயிலும் எளிய சாமுராய். ஆசானின் மகள் நமியேயைப் பற்றி அவதூறு பேசியவர்களோடு அவன் மோதுகிறான். காத்தது ஆசான் வீட்டு மானத்தை. கிடைத்ததோ அந்த வீட்டிலிருந்தே வெளியேற்றம். அதன்பின் ஊர்தோறும் அவனுக்கு முன்னால் அவனது கெட்ட பெயர் போய்ச் சேர்கிறது, சிறையும் வாய்க்கிறது. ஊரார் உத்தமனென்று கொண்டாடும் ஜிரோசோவோ உள்ளுக்குள் கயவன்.

கணவனோடு வழிப்பயணம் வந்த நமியே அந்தக் கயவனின் பிடியில் சிக்குகிறாள். ஹெய்சபுரோ அவனைக் கொன்று இருவரையும் காக்கிறான். காவலர் கூட்டத்தோடு நெடுநேரம் வாள்வீசிப் போராடிக் கடைசியில் கட்டுண்கிறான். ஊர் வசைபாட, அந்தத் தம்பதியர் மட்டும் கைகூப்பி நிற்கிறார்கள்.

மௌனப்படத்தில் குற்றவாளியின் வாய் அசையும், சொல் கேட்காது. திரையருகே நின்று கதைசொல்லும் பென்ஷியின் குரலே அவனுக்காகச் சாட்சி சொன்னது. பேசும்படம் வந்து அந்தக் கலை தளர்ந்த பின், பென்ஷியான மட்சுதா ஷுன்சுய் பழைய பிரதிகளைத் தேடிச் சேர்த்துக் காத்தார். அவருடைய சீடர் சவாதோ மிதோரி அந்தக் கலையைத் தொடர்ந்தார்.

திரைப்பட அன்பர்கள் 'ஒரோச்சி'யைத் திரையிடும்போது ஊமையாக ஓடவிட வேண்டாம். நல்ல குரல்வளம் உள்ள ஒருவரைத் திரையருகே நிறுத்தி, ஹெய்சபுரோவின் வழக்கை அரங்கம் கேட்கச் சொல்லவையுங்கள்.