‘விசுவாசமாய்’ என்னும் சொல்

சேலையூரில் எங்கள் வீட்டு இரவுச் செபத்தில் மூன்று தலைமுறையினர் ஒன்றாய் முழங்காலில் இருப்போம். செபமாலையின் தொடக்கத்தில் நம்பிக்கை அறிக்கையைச் சொல்லும் வேளையில் மட்டும் எங்கள் குரல்கள் சற்றே பிரியும். எண்பது வயதைத் தாண்டிய என் தாயார், சிறுமியாய் இருந்தபோது ஞானோபதேச வகுப்பில் மனப்பாடம் செய்தபடியே ‘விசுவசிக்கிறேன்’ என்பார். என் மகள் இன்றைய மறைக்கல்வி வகுப்பில் கற்றபடி ‘நம்புகிறேன்’ என்பாள். நடுவில் உள்ள நான் ஒரு நாள் அதையும் மறுநாள் இதையும் சொல்லி இருவரையும் திருப்திப்படுத்துவேன். ஒருநாள் செபம் முடிந்ததும் மகள் கேட்டாள்: “பாட்டி, நாய்க்குத்தானே விசுவாசம் இருக்கும்பாங்க? நீங்க ஏன் அதைச் சாமிகிட்ட சொல்றீங்க?” என் தாயார் சிரித்தார். “அதுக்காவது இருக்கேன்னுதான்” என்றார்.

பேச்சு அத்தோடு முடிந்தது. ஆனால் அந்தக் கேள்வி என்னை விடவில்லை. கோவிலில் ‘விசுவாசம்’ என்றால் கடவுளை ஏற்று நம்புவது. தெருவிலோ ‘விசுவாசமாய் உழைத்தான்’ என்றால் உண்மை மாறாமல், உப்பிட்டவரை மறவாமல் உழைத்தான் என்பது பொருள். ஒரே சொல் எப்படி இரண்டு வீட்டில் குடியிருக்கிறது? விடை தேடிப் போனால், 480 ஆண்டுகளுக்கு முன் முத்துக்குளித்துறையில் எழுதப்பட்ட ஒரு மடலில் போய் நிற்க வேண்டியிருக்கிறது.

புனித பிரான்சிஸ் சவேரியார் 1542ஆம் ஆண்டு மே மாதம் கோவா வந்து சேர்ந்தார். அவ்வாண்டிலேயே தென்கடற்கரைப் பரதவரிடம் சென்றார். அம்மக்கள் அவர் வருவதற்கு முன்பே, 1536, 1537ஆம் ஆண்டுகளில், ஏறத்தாழ 20,000 பேர் திருமுழுக்குப் பெற்றிருந்தனர். முத்துக்குளிப்பு உரிமை குறித்த பூசலில் நெருக்குண்டு, போர்த்துக்கீசியரின் பாதுகாப்பை நாடியபோது அவர்கள் மறையையும் ஏற்றனர். இதை மறைக்க வேண்டியதில்லை. திருமுழுக்குக்குப் பின் அவர்களுக்குக் கற்பிக்க ஆள் இல்லை. செபங்கள் அவர்கள் மொழியில் இல்லை.

சவேரியார் தமிழும் போர்த்துக்கீசிய மொழியும் அறிந்த சிலரைக் கூட்டி, பெரும்பாடுபட்டுச் செபங்களைத் தமிழில் ஆக்குவித்தார். தாம் தமிழ் அறியாதவராதலால் அவற்றை மனப்பாடம் செய்துகொண்டு, கையில் மணியுடன் தெருத்தெருவாய்ச் சென்று சிறுவரையும் பெரியோரையும் கூட்டிக் கற்பித்தார். நம்பிக்கை அறிக்கையின் ஒவ்வொரு கூற்றையும் சொல்லி, ‘இதை உறுதியாய் விசுவசிக்கிறீர்களா?’ என்று கேட்பார். மக்கள் இரு கைகளையும் மார்பின் மேல் சிலுவையாக மடித்துக்கொண்டு, உரத்த குரலில் ஆம் என்பர். இந்த வழக்கத்தை அவரே 1544ஆம் ஆண்டு சனவரியில் ஐரோப்பாவிலுள்ள தம் சபையினருக்கு எழுதிய மடலில் விவரிக்கிறார்.

அதே ஆண்டில் அவர் தம் உடனுழைப்பாளரான பிரான்சிஸ்கோ மான்சிலாசுக்கு எழுதிய மடல்களுள் ஒன்றில், நம்பிக்கை அறிக்கையின் தமிழில் இரண்டு திருத்தங்கள் இருக்கின்றன. முதலாவது: அதுவரை மக்கள் ‘எனக்கு வேணும்’ என்று சொல்லி வந்தனர். இனி அவ்விடத்தில் ‘விசுவாசம்’ என்ற சொல் வர வேண்டும். ஏனெனில் ‘வேணும்’ என்றால் விரும்புகிறேன் என்று பொருளாம். கடவுளை விரும்புகிறேன் என்பதைவிட விசுவசிக்கிறேன் என்பதே முறை என்கிறார். இரண்டாவது: கிறிஸ்து பாடுபட்டதைச் சொல்லும் இடத்தில் ‘வன்பினாலே’ என்ற சொல்லை நீக்க வேண்டும், அது வலுக்கட்டாயத்தினால் என்று பொருள்படும். கிறிஸ்துவோ கட்டாயத்தினால் அன்று, தம் விருப்பத்தினால் பாடுபட்டார்.

தமிழ் அறியாத ஒருவர் இந்த நுட்பங்களைத் தாமே கண்டிருக்க முடியாது. தமிழறிந்த எவரோ, ஒருவேளை அச்செபத்தை நாள்தோறும் சொல்லிய பரதவர் ஒருவரே, ‘சாமி, அப்படிச் சொன்னால் வேறு பொருள் வருகிறதே’ என்று எடுத்துரைத்திருக்க வேண்டும். அந்த முகமறியாத ஆசிரியருக்கும் திருத்தத்தை ஏற்ற புனிதருக்கும் நாம் கடன்பட்டிருக்கிறோம்.

இவ்விரண்டில் நம் கண்ணில் எளிதில் படாதது இரண்டாம் திருத்தம். ‘வன்பினாலே’ என்பது வினை எப்படி நிகழ்ந்தது என்று காட்டும் சொல். இலக்கணத்தார் இத்தகையதை வினையடை என்பர். போர்த்துக்கீசிய அறிக்கையில் பிலாத்துவின் ‘அதிகாரத்தின் கீழ்’ பாடுபட்டார் என்று வருவதைத் தமிழாக்கும் முயற்சியில் அது நுழைந்திருக்கலாம். பாடுபட்டார் என்ற வினையில் பிழை இல்லை. எப்படிப் பாடுபட்டார் என்பதில்தான் பிழை. ஆனால் அந்த ஓர் அடைமொழி நின்றிருக்குமானால், மீட்பின் பொருளே மாறியிருக்கும். தம் உயிரை யாரும் பறிப்பதில்லை, தாமே கொடுப்பதாக ஆண்டவர் யோவான் நற்செய்தியில் சொல்வதற்கு அது நேர் எதிராக நின்றிருக்கும்.

கிறிஸ்துவின் பாடுகளுக்குப் பொருந்தாத அந்த அடைமொழி, நம் விசுவாசத்திற்கும் பொருந்தாது. நம்புதல் தன் இயல்பிலேயே மனம் உவந்து செய்யும் செயல், எவரையும் வன்பினால் நம்பச் செய்ய இயலாது என்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965ஆம் ஆண்டு டிசம்பர் 7ஆம் நாள் வெளியிட்ட சமயச் சுதந்திரம் பற்றிய அறிக்கையில் எடுத்துரைத்தது. திருச்சபையின் வரலாற்றில் இவ்வுண்மை மீறப்பட்ட காலங்களும் உண்டு என்பதை நாம் தாழ்மையோடு ஏற்கத்தான் வேண்டும்.

இனி ‘விசுவாசம்’ என்ற சொல்லுக்கு வருவோம். இது வடமொழிச் சொல். ‘சுவாசம்’ அதன் உள்ளேயே இருப்பதைக் காணலாம். அச்சம் நீங்கி, நெஞ்சு தளர்ந்து, நிம்மதியாய் மூச்சுவிடுவது என்பதே அதன் வேர்ப்பொருள். எவரிடம் அஞ்சாமல் மூச்சுவிட முடிகிறதோ அவரிடம் நமக்கு விசுவாசம். கோவில் பொருளும் தெருப் பொருளும் இந்த ஒரு வேரிலிருந்தே கிளைத்தவை: நான் ஒருவரிடம் அஞ்சாமல் மூச்சுவிடுவது ஒன்று, அவர் என்னிடம் அஞ்சாமல் மூச்சுவிடும்படி நான் நடப்பது மற்றொன்று. புதிய ஏற்பாட்டின் கிரேக்கத்திலும் ‘பிஸ்திஸ்’ என்ற ஒரே சொல் நம்பிக்கையையும் நம்பகத்தன்மையையும் குறிக்கும். நாம் செபத்தின் முடிவில் சொல்லும் ‘ஆமென்’, உறுதியாய் நிற்றலைக் குறிக்கும் எபிரேய வேரிலிருந்து வந்தது. ஆகவே என் மகள் கண்ட குழப்பம் தமிழின் குறையன்று. விவிலிய மொழிகளிலேயே உள்ள ஓர் இணைப்பு.

அந்த இணைப்பு வெறும் சொல்லாராய்ச்சி அன்று என்பதற்கு அதே கடற்கரை சாட்சி. 1658ஆம் ஆண்டு ஒல்லாந்தர் தூத்துக்குடியைக் கைப்பற்றினர். சீர்திருத்த சபையினரான அவர்கள் கத்தோலிக்கக் குருக்களை வெளியேற்றினர். ஆலயங்கள் மக்கள் கையை விட்டுப் போயின. கடல் வாணிபமும் புதியவர்கள் கைக்குப் போயிற்று. ‘வேணும்’ என்பதுதான் பரதவரின் அறிக்கையாய் இறுதிவரை இருந்திருக்குமானால், ஒரு நூற்றாண்டுக்கு முன் போர்த்துக்கீசியரை நாடியதுபோல இப்போது ஒல்லாந்தரின் சபையை நாடியிருப்பர். அவர்கள் அவ்வாறு செய்யவில்லை. ஊருக்கு வெளியே சென்று மறைவாய் வழிபட்டுத் தங்கள் மறையைக் காத்தனர். பாதுகாப்பு வேண்டி வந்த மக்களின் பேரப்பிள்ளைகள், பாதுகாப்பை இழந்தும் விசுவாசமாய் நின்றனர். ஒல்லாந்தர் ஆண்ட இலங்கைக் கரைகளிலும் இதுவே நடந்தது. அங்கே குருக்களின்றித் தவித்த கத்தோலிக்கரைத் தேடி 1687இல் மாறுவேடத்தில் சென்றவரே, 2015இல் புனிதராக உயர்த்தப்பட்ட யோசேப் வாஸ் அடிகளார்.

நம் காலத்தில் ‘விசுவாசம்’ மெல்ல விலகி ‘நம்பிக்கை’க்கு இடம் கொடுத்திருக்கிறது. பழைய ஞானோபதேசத்தில் விசுவாசம், நம்பிக்கை, தேவசிநேகம் என்று மூன்று புண்ணியங்களைக் கற்றோம். 1995இல் வெளிவந்த பொது மொழிபெயர்ப்பான திருவிவிலியத்தில் அவை நம்பிக்கை, எதிர்நோக்கு, அன்பு என்றாயின. முன்பு இரண்டாவதாக இருந்த சொல் முதலிடத்திற்கு ஏறிற்று. தமிழரின் வழிபாடு நல்ல தமிழில் நிகழ வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. அதிலும் ஒரு வியப்பு உண்டு. தொல்காப்பியத்தின் உரியியல், ‘நம்பு’ என்ற சொல்லுக்கு ‘நசை’ என்று, அதாவது விருப்பம் என்று, பொருள் கூறுகிறது. 1544இல் ‘வேணும்’ என்ற விருப்பச் சொல்லை நீக்கினோம். இன்று நாம் சொல்லும் ‘நம்புகிறேன்’ என்பதன் அடியில் அதே விருப்பம் பழைய கிணற்றின் ஊற்றுப்போல் இருக்கிறது. கடவுளை விரும்பாதவன் அவரை நம்புவது எங்ஙனம்?

ஆயினும் ஒன்றை மட்டும் இழந்துவிடுவோமோ என்று அஞ்சுகிறேன். ‘நம்பிக்கையாய்’ என்றால் இன்று பலருக்கு மனத்தில் எழும் ஒரு தெம்பு மட்டுமே. தேர்வு எழுதப் போகும் பிள்ளையிடம் நம்பிக்கையாய் இரு என்கிறோம். ‘விசுவாசமாய்’ என்றால் அது நடத்தை. திருப்பலியில் ‘நம்புகிறேன்’ என்று முழங்கிவிட்டு, மறுநாள் தாம்பரம் சந்தையில் எடைக்கல்லில் கைவைப்பவன் நம்பிக்கையாளனாய் இருக்கலாம். விசுவாசமாய் இருக்கிறான் என்று தமிழில் சொல்ல முடியாது. வினைச்சொல்லை அறிக்கை தருகிறது. அதற்குரிய அடைமொழியை அவரவர் வாழ்க்கைதான் தர வேண்டும்.

சேலையூரிலிருந்து பரங்கிமலை தொலைவில் இல்லை. ஐயுற்ற பின் ஆண்டவரை அறிக்கையிட்ட திருத்தூதர் தோமா அங்கே உயிர் கொடுத்தார் என்பது நம் மரபு. அவர் அறிக்கை மிகச் சிறியது. அதில் அடைமொழி ஏதுமில்லை. சவேரியாரும் 1545இல் மயிலையில் அத்திருத்தூதரின் கல்லறையருகே சில மாதங்கள் தங்கிச் செபித்த பிறகே, மலாக்கா செல்லத் துணிந்தார்.

இப்போதும் எங்கள் வீட்டில் இரவுச் செபத்தில் குரல்கள் பிரிகின்றன. மகளிடம் நான் இந்தக் கதையைச் சொன்னேன். ‘வன்பினாலே’ என்ற சொல்தான் அவளுக்குப் பிடித்திருந்தது. படிக்கச் சொல்லும்போதெல்லாம் ‘வன்பினாலேயா?’ என்று கேட்கிறாள். ஆனால் செபத்திற்கு மட்டும் யாரும் கூப்பிடாமலே வந்து பாட்டியின் பக்கத்தில் முழங்காலில் அமர்கிறாள். ஒருவர் ‘விசுவசிக்கிறேன்’ என்கிறார், மற்றவள் ‘நம்புகிறேன்’ என்கிறாள். ‘ஆமென்’ என்னும்போது குரல்கள் சேர்ந்துவிடுகின்றன.