எஸ்.டி. சுப்புலட்சுமியின் திரைவாழ்க்கை

எஸ்.டி. சுப்புலட்சுமி திரைக்கு வந்தது 1934இல், கே. சுப்ரமணியம் இயக்கிய 'பவளக்கொடி'யில். எம்.கே. தியாகராஜ பாகவதருக்கும் அதுவே முதல் படம். மேடையிலும் இருவரும் ஜோடிதான். ராஜா அண்ணாமலைபுரத்தை ஒட்டிய அடையாறு மீனாட்சி சினிடோனில், வெயிலை நம்பியே படப்பிடிப்பு. நடுவே காக்கை கரைந்தால் ஒலிப்பதிவு பாழ். காக்கைகளை விரட்டவென்றே துப்பாக்கியோடு ஓர் ஆளை வைத்திருந்தார்கள். அந்த இடம் பின்னர் நெப்டியூன், சத்யா ஸ்டூடியோ எனப் பெயர் மாறி, இன்று மகளிர் கல்லூரி.

'பக்த குசேலா'வில் (1936) கண்ணனாகவும் குசேலரின் மனைவியாகவும் அவரே நடித்தார். அந்நாளில் துணிச்சலான காரியம். அதைவிடத் துணிச்சல் 'தியாகபூமி' (1939) சாவித்திரி: கணவனோடு வாழ மறுத்து, அவனுக்கே ஜீவனாம்சம் தருவதாகச் சொல்லும் பெண். படம் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஆங்கிலேய அரசு அதைத் தடைசெய்தது.