பிள்ளை வளர்ப்பும் பெரியோர் சினமும்

பிள்ளையை ஓதும் பள்ளியில் சேர்க்க வரும் தந்தையர், "கண்ணை மட்டும் விட்டுவிட்டுத் தோலை உரித்துவிடுங்கள்" என்று உஸ்தாதிடம் சொல்லி ஒப்படைப்பது நம்மவரிடையே நெடுநாளாக வழங்கிவந்த முறை. அடியாத மாடு படியாது என்ற பழமொழியும் அதற்குத் துணை நிற்கும். இதில் வருந்தத்தக்கது யாதெனில், இக்கடுமையே மார்க்கம் காட்டிய வழி என்று பலரும் நம்பிவிட்டனர் என்பதாகும். ஆனால் பிள்ளை வளர்ப்பைக் குறித்து நம் முன்னோர் அரபு மொழியில் எழுதிவைத்த நூல்களைப் புரட்டினால் வேறொரு காட்சி தென்படுகிறது. பிள்ளையின் குற்றத்தை நோக்கிய அதே கண்ணால் பெரியவரின் சினத்தையும் அவர்கள் நோக்கியிருக்கிறார்கள்.

இவ்வரலாற்றின் ஊற்றுக்கண் மதீனாவில் இருக்கிறது. அனஸ் இப்னு மாலிக் (ரலி) ஏறத்தாழப் பத்து வயதுச் சிறுவராக அண்ணல் நபி (ஸல்) அவர்களின் பணிக்கு வந்தார். பத்தாண்டுகள் அங்கே பணி செய்தும், தம்மை நோக்கி 'சீ' என்ற ஒரு சொல்லைக்கூடப் பெருமானார் உதிர்த்ததில்லை என்று பிற்காலத்தில் அவரே அறிவித்தார். ஒருநாள் ஒரு வேலைக்காக அனுப்பப்பட்டவர், கடைவீதியில் விளையாடிக்கொண்டிருந்த சிறுவர்களிடையே நின்றுவிட்டார். தேடி வந்த பெருமானார் பின்புறமாக அவர் பிடரியைப் பற்றினார்கள். சிறுவர் திரும்பிப் பார்த்தபோது அந்தத் திருமுகத்தில் இருந்தது சிரிப்பு. அன்புப் பெயரால் அழைத்து, சொன்ன இடத்திற்குப் போனாயா என்று மட்டுமே கேட்டார்கள். இதோ போகிறேன் என்று சிறுவரும் புறப்பட்டார். வேலையும் நடந்தது, பிள்ளையின் மனமும் முறியவில்லை.

இந்த மரபு நூல் வடிவம் பெற்ற இடங்களுள் முதன்மையானது, இன்றைய துனீஷியாவிலுள்ள கைரவான் நகரம். அங்கே நீதிபதியாக விளங்கிய மாலிக்கி மேதை ஸஹ்னூன் (ஹிஜ்ரி 160-240), தம் மகனை ஆசிரியரிடம் ஒப்படைத்தபோது, இவனைப் பாராட்டாலும் மென்சொல்லாலுமே பயிற்றுங்கள், அடித்தும் வைதும் பயிற்றத்தக்கவன் அல்லன் என்ற கருத்தில் வேண்டிக்கொண்டார். அம்மகனே முஹம்மத் இப்னு ஸஹ்னூன் (ஹிஜ்ரி 202-256). ஆசிரியர்க்குரிய ஒழுக்கங்களைப் பற்றி அவர் எழுதிய சிறுநூல், இத்துறையில் நமக்குக் கிடைத்துள்ள மிகப் பழைய தனிநூல்களுள் ஒன்று. அடிக்க நேர்ந்தால் மூன்றைத் தாண்டலாகாது. தாண்டத் தந்தையின் அனுமதி வேண்டும். தலையிலும் முகத்திலும் அடிபடக் கூடாது. உண்ணவும் பருகவும் போகும் பிள்ளையைத் தடுக்கக் கூடாது. இவை அவர் வகுத்த வரம்புகள்.

ஒரு நூற்றாண்டிற்குப் பின் அதே நகரில் வாழ்ந்தவர் கண்பார்வையற்ற பேரறிஞர் காபிஸீ (இறப்பு ஹிஜ்ரி 403). இன்னும் ஒரு படி ஆழமாகச் சென்று, சினத்தோடு இருக்கும் ஆசிரியர் அடிக்கவே கூடாது என்று அவர் எழுதினார். அதற்குச் சான்றாகக் கலீஃபா உமர் இப்னு அப்துல் அஸீஸ் (ரஹ்) அவர்களின் செயலைக் காட்டினார். ஒருவனுக்குக் கசையடி கொடுக்க ஆணையிட்ட கலீஃபா, அவனை நிறுத்திவைத்த பிறகு, விட்டுவிடுங்கள் என்றார். அவன்மீது தம் உள்ளத்தில் கோபம் இருப்பதை உணர்ந்ததாகவும், அந்நிலையில் அடிப்பதை வெறுத்ததாகவும் காரணம் சொன்னார். சினத்தில் விழும் அடி அடிப்பவரின் மன ஆறுதலுக்கே உரியது, பிள்ளையின் நன்மைக்கு உரியதன்று, எனவே அது நீதியாகாது என்பது காபிஸீயின் முடிவு.

இமாம் கஸ்ஸாலி (ரஹ்) (1058-1111) இளமையிலேயே தந்தையை இழந்தவர். இஹ்யா உலூமித்தீனில் பிள்ளை வளர்ப்புக்கென ஒரு பகுதியையே அவர் ஒதுக்கினார். பிள்ளை ஒரு முறை தவறினால் காணாதவர்போல் இருந்துவிடுக; அவனே அதை மறைக்க முயன்றால் அம்பலப்படுத்தாதீர். மீண்டும் செய்தால் தனிமையில் கண்டியுங்கள். ஓயாமல் ஏசினால் ஏச்சு அவனுக்குப் பழகிவிடும், சொல்லின் மதிப்புப் போய்விடும். பாடம் முடிந்தபின் விளையாட விடுங்கள். தடுத்தால் உள்ளம் செத்து, அறிவு மழுங்கும். அவர் கூறுவதன் சாரம் இது.

துனிஸ் நகரில் பிறந்த இப்னு கல்தூன் (1332-1406) இதையே சமுதாய நிலையில் வைத்துப் பார்த்தார். 1377இல் எழுதிய முகத்திமாவில், கடுமையால் வளர்க்கப்படும் பிள்ளை சோம்பலுக்கும் பொய்க்கும் ஆளாகிறான் என்று காட்டினார். அடிக்கு அஞ்சி உள்ளொன்று வைத்துப் புறமொன்று பேசக் கற்கிறான். நாளடைவில் அதுவே அவன் இயல்பாகிவிடுகிறது. அடக்குமுறைக்கு ஆளான சமுதாயங்களிலும் இக்கேடே காணப்படுகிறது என்றும் அவர் விளக்கினார். பிள்ளை பொய் சொல்கிறான் என்று குமுறும் பெற்றோர், அப்பொய்யை அவனுக்குக் கற்பித்தது எது என்று எண்ணிப் பார்க்க இடமுண்டு.

இப்பெரியோர் அடியை முற்றாக விலக்கினர் என்று சொன்னால் அது உண்மையாகாது. பத்து வயதில் தொழாத பிள்ளையைப் பற்றிய நபிமொழியை அவர்கள் அறிந்தே எழுதினர். ஆனால் அதே நபிமொழி ஏழு வயதில் ஏவுமாறு முதலில் சொல்கிறது. இடையில் மூன்று ஆண்டுகள், நாளைக்கு ஐந்து வேளை. கணக்கிட்டால் ஐயாயிரம் முறைக்கு மேல் வாயால் சொல்லும் பொறுமை பெற்றோரிடம் கேட்கப்படுகிறது. முந்தியதை விட்டுப் பிந்தியதை மட்டும் பிடித்துக்கொண்டோம்.

நம் நாட்டில் 2009ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம் பள்ளிகளில் உடல் தண்டனையையும் மன வேதனைக்கு உள்ளாக்குவதையும் தடை செய்தது. 2012இல் செய்யப்பட்ட திருத்தம், மதரஸாக்களுக்கும் வேத பாடசாலைகளுக்கும் அச்சட்டம் பொருந்தாது என விலக்களித்தது. இவ்விலக்கைப் பிரம்புக்குக் கிடைத்த உரிமை என எவரும் கொள்ளலாகாது. அந்தச் சட்டம் வருவதற்கு ஆயிரம் ஆண்டுகளுக்கும் முன்பே கைரவானில் நமக்கு வரம்பு வகுக்கப்பட்டுவிட்டது. வீட்டுக்குள்ளோ பள்ளிக்கூடச் சட்டம் எதுவும் எட்டிப் பார்ப்பதில்லை; அங்கே தந்தைக்குத் தந்தையே நீதிபதி.

கோபம் வந்தால் நிற்பவர் உட்காரட்டும், அப்போதும் தணியாவிடில் படுத்துக்கொள்ளட்டும் என்பது பெருமானாரின் அறிவுரை. பிள்ளை கண்ணாடியை உடைத்த நாளிலும், பள்ளிக்குப் போகாமல் ஊர் சுற்றிய நாளிலும் நாம் முதலில் செய்யவேண்டியது அதுதான். அமர்ந்து, மூச்சு ஆறி, பிறகு அழைத்துக் கேட்போம். அப்போது நாம் சொல்வது அவன் செவியிலும் ஏறும்.