துலால் தத்தாவும் படத்தொகுப்புக் கலையும்

இந்தியத் திரைப்பட வரலாறு பெரிதும் இயக்குநர்களின் வரலாறாகவே எழுதப்பட்டுள்ளது. வெளித்தெரியாது அமைவதே படத்தொகுப்பின் சிறப்பாதலின், தொகுப்பாளரின் பெயரும் மறைந்துபோகிறது. இதற்கு வங்காளத்துத் துலால் தத்தா தக்க சான்றாவார்.

சத்யஜித் ராயின் ‘பதேர் பாஞ்சாலி’ 1955ஆம் ஆண்டு மே மாதம் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் திரையிடப்பட்டது. குறித்த நாளுக்குள் அதனை முடிக்க, ராயும் தத்தாவும் இரவுபகலாகத் தொகுப்பறையில் உழைத்தனர். அப்படத்தில் அமைந்த கூட்டுறவு ‘ஆகந்துக்’ (1991) வரை நீடித்தது. ராயின் கதைப்படங்கள் அனைத்தையும் தொகுத்தவர் தத்தாவே. பிரெஞ்சுத் தொலைக்காட்சிக்கென உருவான ‘பிக்கூ’ (1980), தூர்தர்ஷனுக்கென உருவான ‘சத்கதி’ (1981) ஆகியனவும் அவர் தொகுத்தவையே.

ராய் காட்சிகளை முன்கூட்டியே வரைந்துகொண்டு, படச்சுருளைச் சிக்கனமாகப் பயன்படுத்தியவர். ஆதலின் தொகுப்பாளருக்குப் பணி குறைவு எனக் கருதுவாருண்டு. இக்கருத்து முழுமையுடையதன்று. தேர்வுக்குரிய துண்டுகள் குறையுந்தோறும் ஒவ்வொரு வெட்டும் மிகுந்த நுட்பத்தை வேண்டி நிற்கும். பிழைபட்டால் ஈடுசெய்ய மாற்றுத்துண்டு இராது. தத்தா 2010இல் மறைந்தார். ராய் படங்களின் நிதானமான ஓட்டத்தை ஆராய்வோர், இயக்குநரின் திட்டத்தோடு தொகுப்பாளரின் கைத்திறனையும் கருத்திற்கொள்ளுதல் வேண்டும்.