மஜ்ஜோரானி நடித்தார்

விட்டோரியோ டி சிகாவின் ‘பைசைக்கிள் தீவ்ஸ்’ (1948) பற்றி எழுதுவோர் லம்பெர்டோ மஜ்ஜோரானிக்குத் தரும் பாராட்டு பெரும்பாலும் ஒன்றுதான்: அவர் நடிக்கவில்லை, அவராகவே இருந்தார். ரோமில் பிரேடா தொழிற்சாலையின் தொழிலாளி அவர். மகனுக்கு வாய்ப்புத் தேடிவந்த இடத்தில் டி சிகாவின் கண்ணில் பட்டவர் தந்தை. கேரி கிராண்டைக் கதாநாயகனாக்கினால் பணம் போடுவதாகச் சொன்ன ஹாலிவுட் தயாரிப்பாளர் செல்ஸ்னிக்கை மறுத்துவிட்டு, இவரை நம்பினார் இயக்குநர். தொழிலாளி வேடத்தில் தொழிலாளி. இதில் நடிப்புக்கு என்ன வேலை என்ற எண்ணம் அந்தப் பாராட்டுக்குள் ஒளிந்திருக்கிறது. அதைத்தான் இங்கே மறுக்கிறேன்.

படத்தில் அவர் ஏற்ற அந்தோனியோ ரிச்சி வேலையின்றிக் காத்துக்கிடந்தவன். மஜ்ஜோரானியோ வேலையில் இருந்தவர். ரிச்சி ஒட்டுவது சுவரொட்டி. மஜ்ஜோரானி பழகியது ஆலை வேலை. ரீட்டா ஹேவொர்த்தின் சுவரொட்டியில் பசை தடவும் அந்தக் கை, புதுத் தொழிலைக் கற்கும் கை. தேர்ந்த உழைப்பாளி ஒருவர் கற்றுக்குட்டியின் தயக்கத்தைத் தம் உடலில் வரவழைக்கிறார். இதற்கு நடிப்பு என்றல்லாமல் வேறென்ன பெயர்?

உணவகக் காட்சியை நிதானமாகப் பார்க்க வேண்டும். வேலைக்கு இன்றியமையாத சைக்கிள் திருடுபோன துயரை ஒரு வேளையாவது மறக்க மகனோடு சாப்பிட உட்காருகிறான் ரிச்சி. மது வருகிறது, முகம் மலர்கிறது. அப்புறம், கிடைத்திருக்க வேண்டிய சம்பளத்தைத் தாளில் கூட்டிப் பார்க்கச் சொல்கிறான். தொகை ஏற ஏற அந்த மலர்ச்சி வடிகிறது. இழப்பின் அளவு அப்போதுதான் அவனுக்கே உறைக்கிறது. மாதச் சம்பளத்தை வரவும் செலவுமாக எண்ணிப் பழகிய மனிதரின் அனுபவம் இங்கே உதவியிருக்கும். ஆனால் அனுபவம் தானாக நடிப்பாகிவிடாது. கேமரா முன் அதை உரிய கணத்தில், உரிய அளவில் வெளிக்கொணர வேண்டும்.

பிரெஞ்சு விமர்சகர் ஆந்த்ரே பஸான் 1949இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரை, நடிகன் என்பவனே மறைந்துபோவதை இப்படத்தின் சாதனையாகக் கண்டது. இப்படம் சார்ந்த இத்தாலிய நவ யதார்த்தவாதத்தைப் புரிந்துகொள்ள அது பெருந்துணை. ஆயினும் அந்த மறைவும் ஒருவரது உழைப்பின் பயன் என்பதற்கு அங்கே போதிய இடமில்லை. விமர்சனம் அந்த உழைப்பைக் கணக்கில் சேர்க்காதபோது, திரைத்தொழிலும் அதற்கு மேற்கொண்டு விலை தர வேண்டியதில்லை என்றாகிறது.

மஜ்ஜோரானிக்கு நேர்ந்தது இதுவே. படம் முடிந்து ஆலைக்குத் திரும்பியவர் ஆட்குறைப்பில் வேலை இழந்தார். சினிமாவில் பணம் சேர்த்தவர்தானே என்று நிர்வாகம் எண்ணியது. திரையுலகமோ அவரைத் தொழிலாளியாகவே பார்த்தது. கொத்து வேலைக்கும் போனார். பின்னாளில் கிடைத்தவை பெரும்பாலும் சிறு வேடங்கள்.

அவற்றுள் ஒன்று தனித்துப் பேசத்தக்கது. பசோலினியின் ‘மம்மா ரோமா’ (1962)வில் மருத்துவமனைக் கட்டிலில் கிடக்கும் நோயாளியாக வருகிறார். அவருடைய வானொலிப் பெட்டியை ஓர் இளைஞன் திருடுகிறான். 1948இல் சைக்கிளைப் பறிகொடுத்த முகத்தைப் பார்வையாளர் நினைவுகூர்ந்தால்தான் அக்காட்சி முழுதாய்ப் பொருள்படும். முந்தைய வேடத்தின் நினைவைப் புதிய வேடத்துக்குள் கொண்டுவருவது, பேர்பெற்ற நடிகர்களை இயக்குநர்கள் பயன்படுத்தும் முறை. பசோலினி அவரை அந்த இடத்தில் வைத்தார்.