மூன்று மாதம் கழித்து எழுதியது

1901 ஆகஸ்ட் 10. ஆக்ஸ்ஃபோர்டின் செயின்ட் ஹியூஸ் கல்லூரி முதல்வர் சார்லட் மோபர்லியும், துணை முதல்வராக வரவிருந்த எலனார் ஜூர்டெய்னும் வெர்சாய் தோட்டத்தில் வழி தவறினார்கள். பழங்கால உடையில் ஆட்கள், காரணம் தெரியாத ஒரு மனக்கனம். பெட்டி ட்ரியனான் மாளிகை அருகே உட்கார்ந்து படம் வரையும் ஒரு பெண். அவள் ராணி மேரி அன்டோனெட்டேதான் என்று மோபர்லி பிற்பாடு முடிவுக்கு வந்தார். 1792-ல் பாரிஸ் அரண்மனை தாக்கப்பட்டதும் ஆகஸ்ட் 10-ல்தான். ராணியின் நினைவுக்குள் நுழைந்துவிட்டோமோ என்று யோசித்தார்கள்.

பேய்க்கதையாகப் படிச்சா ஜாலியாத்தான் இருக்கு. என்னை உறுத்துவது வேற. அந்தப் பெண்ணை ஜூர்டெய்ன் பார்க்கவே இல்லை! கூடவேதான் நடந்து வந்திருக்கிறார். இதுவே நவம்பரில்தான் தெரியவந்தது. அதன் பிறகுதான் ஆளுக்கொரு தனி அறிக்கை எழுதினார்கள். பேசிவிட்டு எழுதினால் அது என்ன தனி? அப்புறம் பல வருஷம் பழைய வரைபடங்களையும் ஆவணங்களையும் துழாவி, 1911-ல் புனைபெயரில் புத்தகம் போட்டார்கள். 1965-ல் பிலிப் ஜூலியன், கவிஞர் மோந்தெஸ்க்யூ அங்கே நடத்திய மாறுவேட விருந்தாக இருக்கலாம் என்றார். அதுவும் ஊகம்தான்.

பொய் சொன்னதாக நான் நினைக்கவில்லை. மூணு மாசம் முன்னாடி போன கல்யாணத்துல பந்தியில் பக்கத்தில் இருந்தது யாருன்னு நேத்து வீட்டில் கேட்டேன். நான் சின்ன மாமான்னேன். அவங்க பெரிய மாமாங்கிறாங்க.